பஞ்சு இல்லாத ஊரில் பஞ்சுக்குத் தீர்ப்பு

கோவை வட்டாரத்து நூற்பாலை ஒன்று மேற்கு ஆப்பிரிக்கப் பஞ்சு வாங்குகிறது என்று வைத்துக்கொள்வோம். விலை நியூயார்க் சந்தையை ஒட்டி, ஒரு பவுண்டு எடைக்கு இத்தனை அமெரிக்க சென்ட் என்று பேசப்படும். விற்பவருக்குச் சுவிட்சர்லாந்திலோ சிங்கப்பூரிலோ அலுவலகம் இருக்கும். பணம் டாலரில் போகும், பொதிகள் தூத்துக்குடியில் இறங்கும். இதுவரை இங்கிலாந்து எங்குமே வரவில்லை. ஆனால் ஒப்பந்தத்தின் அடியில் பொடி எழுத்தில் ஒரு வரி இருக்கும். தகராறு வந்தால் லிவர்பூலில் உள்ள சர்வதேசப் பருத்திச் சங்கத்தின் விதிகளுக்கும் இங்கிலாந்துச் சட்டத்துக்கும் இரு தரப்பும் கட்டுப்பட வேண்டும் என்பது அந்த வரி.

லிவர்பூல் துறைமுகத்தில் பஞ்சுப் பொதி மலைபோல் குவிந்த காலம் போய்விட்டது. லங்காஷயர் ஆலைகள் ஒவ்வொன்றாக மூடின. 1950-களின் இறுதியிலேயே பிரிட்டன், தான் விற்கும் பருத்தித் துணியைவிட வாங்கும் துணி அதிகம் என்ற நிலைக்கு வந்துவிட்டது. 1841-இல் அந்த ஊர்த் தரகர்கள் கூடித் தொடங்கிய சங்கம் மட்டும் நிற்கிறது. 2004-இல் அது தன் பெயரிலிருந்து லிவர்பூலை எடுத்துவிட்டுச் ‘சர்வதேச’ என்று போட்டுக்கொண்டது. நாடு விட்டு நாடு போகும் பஞ்சில் பெரும்பகுதி இன்றும் அதன் விதிகளின் கீழ்தான் கைமாறுகிறது. தென்னிந்தியாவின் மான்செஸ்டர் என்று கோவையைச் சொல்லி நாம் பெருமைப்பட்டுக்கொள்கிறோம். அசல் மான்செஸ்டரில் ஆலைகள் ஓய்ந்துவிட்டன, பக்கத்து லிவர்பூலில் கோப்புகள் ஓடிக்கொண்டிருக்கின்றன.

பிரிட்டன் இன்னும் உலக வல்லமையா இல்லையா என்ற விவாதம் கொங்கு நாட்டில் அவ்வப்போது சூடு பிடிக்கும். கடைசியாகச் சூடு பிடித்தது 2025 ஜூலை 24 அன்று இந்தியாவும் பிரிட்டனும் தடையற்ற வணிக ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டபோது. திருப்பூரில் ஒரு தரப்பு, ‘அவர்களிடம் இப்போது என்ன இருக்கிறது? 2022-லேயே நம் பொருளாதாரம் அவர்களைத் தாண்டிவிட்டது’ என்றது. இன்னொரு தரப்பு, ‘பணம், சட்டம், இன்சூரன்ஸ் எல்லாம் இன்னும் லண்டன் கையில்தான்’ என்றது. இரண்டிலும் உண்மை உண்டு, இரண்டும் கேள்விக்குப் பதில் ஆகவில்லை. மொத்த உற்பத்தியில் நாம் முந்தியது சரி. தலைக்குக் கணக்குப் போட்டால் அங்கே சுமார் 50,000 டாலர், இங்கே 3,000-க்கும் கீழே. அதே சமயம் தலைக்கு வருமானம் கூடிய நாடெல்லாம் வல்லரசு என்றால் லக்சம்பர்க்கைப் பார்த்து நாம் நடுங்க வேண்டும்.

நான் கேட்கும் கேள்வி வேறு. அந்த நாடு ஒரு முடிவெடுத்தால் நம்மால் மாட்டேன் என்று சொல்ல முடியுமா?

2025 ஆகஸ்ட் 27 அன்று அமெரிக்கா இந்தியப் பொருள்கள் மீது கூடுதல் வரியை 50 சதவீதமாக்கியது. அதில் பாதி, ரஷ்ய எண்ணெய் வாங்கியதற்குத் தண்டனை. ரஷ்ய எண்ணெய்க்கும் திருப்பூர் பனியனுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ஆனாலும் ஏற்றுமதியில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கை அமெரிக்காவுக்கு அனுப்பும் ஊர் அது. வெட்டித் தைத்து அட்டைப்பெட்டியில் அடுக்கிய சரக்குக்கு வாங்குபவர் தள்ளுபடி கேட்டார், இல்லாவிட்டால் ஆர்டர் வேண்டாம் என்றார். கட்டிங் மேஜை முதல் சாயப்பட்டறை வரை வேலை குறைந்தது. இது ஆணையிடும் அதிகாரம். நாம் மறுக்கலாம், மறுத்தால் நஷ்டம் நமக்கு.

பிரிட்டனுக்கு இன்று அப்படி ஒரு ஆணை பிறப்பிக்கும் சக்தி கிடையாது. வணிக ஒப்பந்தத்தையே பாருங்கள். பிரிட்டனில் இந்திய ஆடைகளுக்குச் சுமார் 10 சதவீத வரி இருந்தது, வங்கதேசத்துக்கு வரியே இல்லை. அந்த ஏற்றத்தாழ்வை நீக்க அவர்கள் இசைந்தார்கள். பதிலுக்கு ஸ்காட்ச் விஸ்கிக்கும் கார்களுக்கும் நம்மிடம் சலுகை கேட்டார்கள். மூன்று ஆண்டுக்கும் மேல் பேசி முடித்த பேரம் அது. ஒருவர் உத்தரவு போட மற்றவர் கேட்டுக்கொள்ளும் காட்சி அதில் எங்கும் இல்லை. 1805-இல் தீரன் சின்னமலையைச் சங்ககிரியில் தூக்கிலிட்ட அரசின் வாரிசுகள், 2025-இல் விஸ்கி வரியைக் குறைக்கச் சொல்லிக் கேட்டு உட்கார்ந்திருந்தார்கள் என்பதில் எனக்கு ஒரு சிறு குரூர சந்தோஷம் உண்டு.

அந்த ஆணையிடும் அதிகாரம் கைமாறிய அறையில் ஒரு கோவைக்காரர் இருந்தார். 1944 ஜூலையில், போர் முடியும் முன்பே, 44 நாடுகளின் பிரதிநிதிகள் அமெரிக்காவின் பிரெட்டன் உட்ஸ் என்ற மலைவாச இடத்தில் ஒரு ஹோட்டலில் கூடி, போருக்குப் பிந்தைய உலகின் பண ஏற்பாட்டை வகுத்தார்கள். சர்வதேச நாணய நிதியமும் உலக வங்கியும் அங்கே உருவானவை. பிரிட்டிஷ் குழுவுக்குத் தலைவர் பொருளியல் மேதை கெயின்ஸ். இந்தியக் குழுவில் கோவையின் ஆர்.கே. சண்முகம் செட்டியார் இருந்தார்.

அங்கே இந்தியர்கள் எழுப்பியவற்றில் முக்கியமான விவகாரம் ஒன்று. போரின்போது பிரிட்டன் இந்தியாவிலிருந்து தானியம், துணி, தோல் என்று தேவையானதையெல்லாம் எடுத்துக்கொண்டது. பணம் தரவில்லை, லண்டனில் பவுண்டுக் கணக்கில் பற்று எழுதியது. இங்கே அந்தப் பவுண்டுப் பத்திரத்தைக் காட்டி ரூபாய் அச்சடித்தார்கள், விலைவாசி பறந்தது. போர் முடிந்தபோது பிரிட்டன் இந்தியாவுக்குத் தர வேண்டியது 130 கோடி பவுண்டு அளவுக்கு ஏறியிருந்தது. ஆண்டவன் கடனாளி, ஆளப்பட்டவன் கடன் கொடுத்தவன்! அந்தப் பாக்கியில் ஒரு பகுதியையாவது டாலராக மாற்ற புதிய நிதியம் வழி செய்ய வேண்டும் என்று இந்தியக் குழு கேட்டது. வங்கியில் பத்து லட்சம் டாலர் கிடந்தும் டாக்சிக்குக் கொடுக்கச் சில்லறை இல்லாதவன் நிலையில் எங்களை விடுகிறீர்களா என்று குழுவின் ஏ.டி. ஷ்ராஃப் பேசியது பேர் பெற்றது. இது எங்களுக்கும் கடன் கொடுத்தவர்களுக்கும் இடையிலான விஷயம், நேர்மையாகத் தீர்த்துக்கொள்வோம் என்று கெயின்ஸ் தட்டிக்கழித்தார். அமெரிக்காவும் கை கொடுக்கவில்லை.

அடுத்து நடந்ததுதான் முக்கியம். போர் முடிந்ததும் பிரிட்டன் அமெரிக்காவிடம் 375 கோடி டாலர் கடன் வாங்கியது. பவுண்டைத் தடையில்லாமல் டாலராக மாற்ற அனுமதிக்க வேண்டும் என்பது அமெரிக்கா விதித்த நிபந்தனை. 1947 ஜூலை 15 அன்று கதவைத் திறந்தார்கள். பவுண்டு வைத்திருந்த அத்தனை பேரும் டாலர் கேட்டு நின்றார்கள். ஐந்தே வாரம், ஆகஸ்ட் 20 அன்று கதவைச் சாத்திவிட்டார்கள். இந்தியா விடுதலை பெற்ற நாள் அந்த ஐந்து வாரத்துக்குள் வருகிறது. கொடி இறக்கியதைப் படம் பிடித்து வைத்திருக்கிறோம். ஆனால் பேரரசு முடிந்ததற்கு அந்த நாணய மாற்றுக் கணக்கே நல்ல சாட்சி என்பது என் எண்ணம்.

சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சரான அதே சண்முகம் செட்டியார் 1948-இல் லண்டன் போய் இந்த நிலுவைக்கு உடன்பாடு பேசினார். கடன் கொடுத்தவன் கடன்காரன் வீட்டுக்குப் போய்த் தன் பணத்தைத் தவணையில் கேட்ட கதை அது. பிரிட்டிஷ் அதிகாரிகளின் ஓய்வூதியத்துக்கான தொகையும், இங்கே விட்டுச்சென்ற ராணுவத் தளவாடங்களின் விலையும் அந்த நிலுவையிலிருந்தே கழிக்கப்பட்டன. நம்மை அடக்கி வைத்தவர்களுக்கு நாமே பென்ஷன் கட்டினோம்! 1932 ஜனவரியில் கொடியைப் பிடித்தபடி அடிபட்டு உயிர்விட்ட குமரனின் திருப்பூரும் இந்தக் கணக்கில் பங்கு கொடுத்திருக்கிறது.

மிச்சம் இருந்த வேடம் 1956-இல் கலைந்தது. சூயஸ் கால்வாயை எகிப்து எடுத்துக்கொண்டதும் பிரிட்டனும் பிரான்சும் இஸ்ரேலும் படையெடுத்தன. பவுண்டு சரிந்தது. அமெரிக்கா முட்டுக்கொடுக்க மறுத்ததோடு நாணய நிதியத்தின் வழியையும் அடைத்தது. சில நாளில் போர் நின்றது, பிரதமர் ஈடன் ஜனவரியில் பதவி விலகினார். 1945-இல் வாங்கிய அந்த அமெரிக்கக் கடனின் கடைசித் தவணையைப் பிரிட்டன் கட்டி முடித்தது 2006 டிசம்பரில்.

இத்தனைக்குப் பிறகும் அந்தப் பொடி எழுத்து வரி எப்படி நிற்கிறது?

காரணம் எளியது. பிரேசில் வியாபாரி கோவை நீதிமன்றத்தை நம்பமாட்டார், கோவை ஆலைக்காரர் பிரேசில் நீதிமன்றத்தை நம்பமாட்டார். இருவருக்கும் பொதுவாக மூன்றாவது இடம் ஒன்று தேவை. அங்கே இப்படிப்பட்ட வழக்கில் முன்பு என்ன தீர்ப்பானது என்ற பதிவு இருந்தால், வக்கீலால் முன்கூட்டியே கணக்குச் சொல்ல முடியும். அந்தப் பதிவு லிவர்பூலிலும் லண்டனிலும் நூற்றாண்டுக்கு மேல் சேர்ந்து கிடக்கிறது. புதிய ஊர் ஒன்றுக்கு மாறலாம் என்று ஒருவர் நினைத்தாலும், எதிர்த் தரப்பும் வங்கியும் இன்சூரன்ஸ்காரரும் சேர்ந்து மாற வேண்டும். அதனால் யாரும் மாறுவதில்லை. நிலத்தையெல்லாம் விற்றுத் தீர்த்த பெரிய வீட்டுக்காரரை ஊர்ப் பஞ்சாயத்துக்கு மட்டும் இன்னும் கூப்பிடுவதைப் போலத்தான் இது.

ஆனால் அந்தப் பஞ்சாயத்துக்குப் பல் உண்டு. 2011 மார்ச்சில் நியூயார்க்கில் பஞ்சு விலை ஒரு பவுண்டு எடைக்கு 2 டாலரைத் தாண்டியது. ஆண்டு முடிவதற்குள் பாதியாகச் சரிந்தது. உச்சத்தில் ஒப்பந்தம் போட்ட ஆலைகள் பல நாடுகளில் சரக்கு வேண்டாம் என்று ஒதுங்கின. லிவர்பூல் விதியில் அப்படி ஒதுங்க முடியாது. ஒப்பந்தம் ரத்தாவது என்ற பேச்சே அங்கே இல்லை. பேசிய விலைக்கும் அன்றைய சந்தை விலைக்கும் உள்ள வித்தியாசத்தைக் கணக்குப் பார்த்து ஒருவர் மற்றவருக்குக் கொடுத்துத் தீர்க்க வேண்டும். நடுவர் தீர்ப்பை மதிக்காதவரின் பெயர் ஒரு பட்டியலில் ஏறும். அப்படி ஏறியவரோடு சங்க உறுப்பினர் யாரும் வியாபாரம் செய்யக்கூடாது. உலகின் பெரிய பஞ்சு வணிகர்கள் எல்லோரும் உறுப்பினர்கள். போலீஸ் இல்லை, ஜப்தி இல்லை, பஞ்சு கிடைக்காது, அவ்வளவுதான். நம் 1996-ஆம் ஆண்டு நடுவர் சட்டத்தின்படி அந்தத் தீர்ப்பை இந்திய நீதிமன்றத்தில் கொண்டுவந்து வசூலிக்கவும் வழி இருக்கிறது.

பஞ்சோடு இது நிற்பதில்லை. கொங்கு நாட்டில் ஆழ்துளைக் கிணறு ஆயிரம் அடிக்குக் கீழே போவது சாதாரணம். கோடையில் மோட்டாரில் ‘காயில் போய்விட்டது’ என்றால், குழாயோடு மேலே ஏற்றி, கோவை கணபதி பகுதியில் உள்ள பட்டறைக்குக் கொண்டுபோவார்கள். கருகிய கம்பியை உருவித் தராசில் போட்டுப் பழைய செம்புக்கு ஒரு விலை, புதிதாகச் சுற்றும் கம்பிக்கு ஒரு விலை சொல்வார்கள். இரண்டுமே அன்றன்றைக்கு மாறும். அந்த விலையைப் பின்னோக்கித் தொடர்ந்தால் 1877-இல் தொடங்கிய லண்டன் உலோகச் சந்தையில் போய் நிற்கும். லண்டனில் மதியம், நமக்கு மாலை, அங்கே ஒரு விலை முடிவாகும். இந்திய உற்பத்தியாளர்கள் அதையும் டாலர் மதிப்பையும் வைத்துத்தான் தங்கள் விலையைப் போடுகிறார்கள். அங்கே இன்று விலை பேசி மூன்று மாதம் கழித்துச் சரக்கு தரும் தவணை வழக்கம் வந்தது எப்படி என்றால், சிலியிலிருந்து செம்பு ஏற்றிய கப்பல் லண்டன் வந்து சேர அந்தக் காலத்தில் அவ்வளவு நாள் ஆனதாம். கப்பல் வேகம் கூடிவிட்டது, செம்பு இப்போது பெரும்பாலும் சீனாவுக்குப் போகிறது, தவணை மட்டும் அப்படியே.

இன்சூரன்ஸ் கதை இன்னும் கூர்மையானது. 2023 நவம்பரில் ஏமனின் ஹூதி கிளர்ச்சியாளர்கள் செங்கடலில் கப்பல்களைத் தாக்கத் தொடங்கினார்கள். பிரிட்டிஷ் போர்க்கப்பல் போனது, ட்ரோன்களைச் சுட்டது. 2024 ஜனவரியில் அமெரிக்காவோடு சேர்ந்து விமானத் தாக்குதலும் நடத்தியது. பாதை திறக்கவில்லை. ஆனால் 2023 டிசம்பரிலேயே லண்டன் இன்சூரன்ஸ் சந்தையின் ஒரு குழு, செங்கடலில் ஆபத்துப் பகுதியின் எல்லையை விரித்து ஒரு சுற்றறிக்கை விட்டது. போர் அபாயக் கட்டணம் பல மடங்கானது. கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போயின, ஐரோப்பாவுக்குப் போகும் திருப்பூர்ப் பெட்டிகள் பத்து நாளுக்கும் மேல் தாமதமாயின. ஹூதிகளைத் திருத்தும் சக்தி லண்டனுக்கு இல்லை, அந்த அபாயத்துக்கு விலை சொல்லும் சக்தி இருந்தது.

சரி, இது பிரிட்டன் என்ற நாட்டின் அதிகாரமா? ‘எல்லாம் இன்னும் லண்டன் கையில்’ என்ற இரண்டாம் தரப்பும் இங்கேதான் சறுக்குகிறது. லண்டன் உலோகச் சந்தையை 2012-இல் ஹாங்காங் பங்குச் சந்தை நிறுவனம் வாங்கிவிட்டது. கப்பல் வாடகைக்கு அளவுகோல் சொல்லும் பால்டிக் எக்ஸ்சேஞ்ச் 2016-இல் சிங்கப்பூர் பங்குச் சந்தை நிறுவனத்தின் கைக்குப் போனது. 2022 மார்ச் 8 அன்று நிக்கல் விலை டன்னுக்கு ஒரு லட்சம் டாலரைத் தாண்டியதும் உலோகச் சந்தை அன்றைய வியாபாரத்தையே ரத்து செய்தது. விலை இறங்கும் என்று பெரிய அளவில் பந்தயம் கட்டியிருந்த சீன நிறுவனம் தப்பியது. கோபம் கொண்ட அமெரிக்க முதலீட்டு நிறுவனம் வழக்குப் போட்டது, லண்டன் உயர் நீதிமன்றத்திலும் மேல்முறையீட்டிலும் தோற்றது. சந்தைக்கு முதலாளி ஹாங்காங், லாபம் சீனருக்கு, நஷ்டம் அமெரிக்கருக்கு, தீர்ப்பு மட்டும் ஆங்கிலேயருடையது. இந்த ஒரு வழக்கு எனக்குப் பத்துப் புள்ளிவிவர அட்டவணைக்குச் சமம்.

அட்டவணையும் வேண்டும் என்றால், உலக அந்நியச் செலாவணி வியாபாரத்தில் 2022 கணக்குப்படி 38 சதவீதம் லண்டனில் நடக்கிறது. நியூயார்க்கைப் போல ஏறத்தாழ இரு மடங்கு. ஆனால் உலக நாடுகளின் கையிருப்பில் பவுண்டின் பங்கு 5 சதவீதத்தைச் சுற்றித்தான். அதாவது அங்கே மாறுவது பெரும்பாலும் மற்றவர்களின் பணம். அந்தச் சந்தை தன் நாட்டு அரசுக்கும் கட்டுப்படுவதில்லை. 2022 செப்டம்பர் 23 அன்று லிஸ் ட்ரஸ் அரசு வரிக்குறைப்புத் திட்டம் அறிவித்தது. பவுண்டு சரிந்தது, கடன் பத்திர விலை விழுந்தது, மத்திய வங்கி ஓடி வந்து தாங்கியது. ஒரு மாதத்துக்குள் பிரதமர் விலகலை அறிவித்தார். கடல் கடந்த நாடுகளை லண்டன் சந்தையை வைத்து மிரட்டலாம் என்று எந்தப் பிரதமரும் அதன் பிறகு நினைத்திருக்கமாட்டார்.

அரசின் கையில் நேரடியாக இருப்பவற்றைச் சீக்கிரம் சொல்லிவிடலாம். பாதுகாப்புச் சபையில் நிரந்தர இடம் இருக்கிறது, ஆனால் தீர்மானத்தைத் தடுக்கும் வீட்டோ அதிகாரத்தை 1989-க்குப் பிறகு பயன்படுத்தவில்லை. அணு ஆயுதம் தாங்கிய நான்கு நீர்மூழ்கிகள் இருக்கின்றன, அவற்றின் ஏவுகணைகள் அமெரிக்காவோடு பகிர்ந்துகொள்ளும் இருப்பிலிருந்து வருகின்றன. 2017-இல் சர்வதேச நீதிமன்றத் தேர்தலில் இந்தியாவின் தல்வீர் பண்டாரிக்கு எதிரான தங்கள் வேட்பாளரை வாபஸ் வாங்கினார்கள். 1946-இல் அந்த நீதிமன்றம் தொடங்கியது முதல் பிரிட்டிஷ் நீதிபதி இல்லாமல் போனது அப்போதுதான். 2019-இல் இந்தியப் பெருங்கடலில் தங்கள் வசம் இருந்த சாகோஸ் தீவுகள் குறித்த ஐநா பொதுச்சபை வாக்கெடுப்பில் 116-க்கு 6 என்று தோற்றார்கள். அந்தத் தீவுகளை மொரிஷியஸுக்கு ஒப்படைக்கவும், அமெரிக்கப் படைத்தளம் உள்ள டியகோ கார்சியாவை 99 ஆண்டுக் குத்தகைக்குத் திரும்ப எடுக்கவும் 2025 மே மாதத்தில் உடன்படிக்கை செய்தார்கள். ஒரு காலத்தில் தீவுகளைப் பிடித்துக்கொண்டவர்கள் அப்போது அமெரிக்காவின் தளத்துக்காக வாடகை கொடுக்கச் சம்மதித்தார்கள்.

ஆக, உலக வல்லரசு என்ற பெயருக்குப் பிரிட்டன் இன்று தகுதியில்லை என்பதே என் முடிவு. ஆனால் அது காலியான பாத்திரமும் இல்லை. சாகாமல் நிற்பது பிரிட்டன் எழுதிய விதிப்புத்தகம், அதை நடத்தும் கணக்கர்கள், வக்கீல்கள், நடுவர்கள். அந்தப் புத்தகத்துக்குப் பிரிட்டிஷ் அரசு எஜமானன் அல்ல, அதனால் வருகிற கட்டணத்தை அனுபவிக்கும் வீட்டுக்காரன். அமெரிக்க வரி ஓர் இரவில் வந்து ஒரு பேரத்தில் போகலாம். லிவர்பூலின் அந்தப் பொடி எழுத்து வரியை எந்த இரவில் ஒப்புக்கொண்டோம் என்றே நம்மில் பலருக்கு நினைவிருக்காது.

மாற்று இல்லாமல் இல்லை. கப்பல், கட்டுமானத் தகராறுகளுக்கு இந்திய நிறுவனங்கள் பல இப்போது சிங்கப்பூர் நடுவர் மையத்தை நாடுகின்றன. உள்நாட்டுப் பஞ்சு வியாபாரத்துக்கு மும்பையின் இந்தியப் பருத்திச் சங்கம் தன் சொந்த நடுவர் விதிகளை வைத்திருக்கிறது. கோவையின் தென்னிந்திய ஆலைகள் சங்கமும் 1933 முதல் இயங்குகிறது. வாங்குபவர்கள் ஒன்றாக நின்று இடத்தை மாற்றக் கேட்க அமைப்பும் அனுபவமும் இருக்கின்றன. சிக்கல் வேறு இடத்தில். நம் ஆலைகள் வெளிநாட்டுப் பஞ்சைத் தேடி அதிகம் ஓடுவது இங்கே விளைச்சல் குறைந்த, விலை ஏறிய ஆண்டுகளில்தான். அப்போது விற்பவரிடம் கப்பல் எப்போது கிளம்பும், பொதியில் ஈரம் எவ்வளவு, எத்தனை நாள் கடன் என்றுதான் பேசுவார்கள். பொடி எழுத்து வரிக்கு யாரும் வருவதில்லை.